கட்டிலில் வைத்த தட்டு

என் இரண்டு காதிலும் துளை உண்டு. வலது காதில் சரியாக நடுவில் இருக்கும். இடது காதில் ஒரு நெல்மணி அளவுக்கு மேலே ஏறியிருக்கும். முடி வெட்டப் போகும்போதெல்லாம் கடைக்காரர் கண்ணாடியில் பார்த்து, “என்னண்ணே, ஒண்ணு மேல, ஒண்ணு கீழ இருக்கு?” என்பார். “ஆசாரி கை தவறிருச்சு” என்று சொல்லி முடித்துவிடுவேன். கத்தரிக்கோல் காதுக்குப் பக்கத்தில் இருக்கும்போது நீளமாகப் பேச எனக்கு வராது. பொதுவாகவே நாலு பேருக்கு நடுவில் பேச வராது. எழுதினால் பரவாயில்லை. யாரும் என் முகத்தைப் பார்க்கப் போவதில்லை.

ஆசாரி கை தவறவில்லை. அந்தக் கதையைத்தான் சொல்ல வருகிறேன்.

எங்கள் பக்கம் ஒற்றைப்படை வயதில்தான் காது குத்துவார்கள். ஒரு வயதில் எனக்கு அம்மை போட்டிருந்ததாம். மூன்றில் மழை இல்லை. ஐந்தில் ஒரு சாவு. ஏழில் என்ன தடை என்று எனக்கே ஞாபகம் இல்லை. கடைசியில் ஒன்பதுக்கு வந்து நின்றது. ஒரு வயதுப் பிள்ளைக்கு என்ன நடக்கப் போகிறது என்று தெரியாது. ஒன்பது வயதுக்காரனுக்கு எல்லாம் தெரியும்.

“வலிக்குமா?” என்று வீட்டில் ஒவ்வொருவராகக் கேட்டேன். எல்லாரும் ஒரே பதிலைச் சொன்னார்கள். “எறும்பு கடிச்ச மாதிரி இருக்கும்டா.” எந்த எறும்பு என்று யாரும் சொல்லவில்லை. கட்டெறும்பு கடித்து ஒரு நாள் முழுக்க விரல் வீங்கிக் கிடந்த அனுபவம் எனக்கு இருந்தது. பயமாக இருக்கிறது என்று சொல்லிப் பார்த்தேன். “ஆம்பளப் பயலுக்கு என்னடா பயம்?” என்றார் பெரியப்பா. அதனால் பயத்தைச் சொல்வதை நிறுத்திக்கொண்டேன். பயம் நிற்கவில்லை.

காது குத்த வேண்டுமென்றால் தாய்மாமன் மடி வேண்டும். மாமா வந்து சீர் கொண்டுவந்து, சம்மணம் போட்டு உட்கார்ந்து, மடியில் பிள்ளையை இருத்திக்கொண்டால்தான் ஆசாரி ஊசியை எடுப்பார். எனக்கு ஒரே மாமா. அம்மாவுக்கு மூத்தவர். நாங்கள் சின்னாளப்பட்டிக்குப் பக்கத்தில் இருந்தோம். மாமா இருந்தது நிலக்கோட்டையைத் தாண்டி, பஸ் போய்த் திரும்புகிற கடைசி ஊரில். ஒரு ஏக்கரில் மல்லிகை போட்டிருந்தார்.

மாமாவுக்கும் அத்தைக்கும் பிள்ளை கிடையாது. அந்த வீட்டில் விளையாட ஆள் இல்லை என்பதுதான் அதில் எனக்குத் தெரிந்த குறை. மற்றபடி எனக்கு அத்தையை ரொம்பப் பிடிக்கும். ஒரு தடவை அவர்கள் வீட்டு வாசலில் விழுந்து முட்டியைப் பெயர்த்துக்கொண்டேன். எங்கள் வீடாக இருந்தால் யாராவது ஓடிவந்து, “ஒண்ணுமில்ல, ஒண்ணுமில்ல, எந்திரி” என்று சொல்லித் தரையை நாலு அடி அடித்திருப்பார்கள். அத்தை பக்கத்தில் வந்து உட்கார்ந்து, “எரியுதாடா?” என்று கேட்டாள். ஆமாம் என்றேன். “எரியத்தான் செய்யும்” என்று சொல்லிவிட்டு, நான் அழுது முடிக்கிறவரை ஊதிக்கொண்டே இருந்தாள். வேறு எதுவும் சொல்லவில்லை.

விசேச வீடுகளில் அத்தையைத் தேட வேண்டியதே இல்லை. பந்தலில் இருக்க மாட்டாள், மணவறைப் பக்கம் இருக்க மாட்டாள். கொல்லையில் சின்ன வெங்காயம் உரிக்கிற இடத்துக்குப் போனால் அங்கே சாக்கின் மேல் உட்கார்ந்திருப்பாள். கண்ணில் தண்ணீர் வழிந்துகொண்டிருக்கும். அத்தைக்கு வெங்காயம் உரிப்பது அவ்வளவு பிடிக்கும் போல என்று நான் நினைத்திருந்தேன்.

விசேசத்துக்குப் பத்து நாள் இருக்கும்போது அப்பா பத்திரிகை வைக்கக் கிளம்பினார். உறவு முறைப்படி யார் யாருக்கு முதலில் வைக்க வேண்டும் என்று ஒரு வரிசை உண்டு. அதில் தாய்மாமன்தான் முதல். வெற்றிலை, பாக்கு, பழம், தேங்காயோடு பத்திரிகையைத் தட்டில் வைத்து, புருசன் பெண்சாதி இரண்டு பேர் கையிலும் கொடுத்து, “நீங்கதான் வந்து நடத்திக் குடுக்கணும்” என்று சொல்ல வேண்டும். அப்பாவுக்கு இதெல்லாம் தெரியும். ஆனால் அவருக்குத் தோட்டத்து வேலையும் தெரியும். ஒரு நாளில் எல்லா வீட்டையும் முடிக்க வேண்டும் என்று கணக்குப் போட்டு, பஸ் போகிற வரிசையில் பத்திரிகை வைத்துக்கொண்டே போனார். சின்னாளப்பட்டியில் இறங்கினார், வைத்தார். கொடைரோட்டில் இறங்கினார், வைத்தார். நிலக்கோட்டையில் இரண்டு வீடு. கடைசி ஸ்டாப்பில் மாமா வீடு.

மாமா வீட்டில் இல்லை, தோட்டத்துக்குப் போயிருந்தார். அத்தை மட்டும் உரலில் மாவாட்டிக்கொண்டிருந்தாள். “வாங்கண்ணே, உக்காருங்க, கை கழுவிட்டு வாரேன்” என்று சொல்லிவிட்டு உள்ளே போனாள். அதே நேரத்தில் புளியமரத்தடியில் பஸ்ஸைத் திருப்பி நிறுத்தி டிரைவர் ஹாரன் அடித்தார். அந்த ஊருக்கு ஒரு நாளைக்கு மூன்று நடைதான். அதை விட்டால் பொழுது சாயத்தான் அடுத்தது. மூன்று மணிக்கு எங்கள் தோட்டத்தில் மோட்டாருக்குக் கரண்டு வரும். அப்பா தட்டை வாசலில் கிடந்த கயிற்றுக் கட்டிலில் வைத்துவிட்டு, “தங்கச்சி, கட்டில்ல வச்சிருக்கேன், வந்துருங்க” என்று கத்திக்கொண்டே ஓடிவிட்டார். அத்தை கையைத் துடைத்துக்கொண்டு வெளியே வந்தபோது அப்பா பஸ்ஸின் படியில் நின்றுகொண்டிருந்தார்.

இதை அப்பா அன்று ராத்திரி சாப்பாட்டில் ஒரு சாதனையாகவே சொன்னார். “ஒரே நாள்ல ஒம்பது வீடு!” அம்மா மட்டும், “மதினி கையில குடுக்கலையா?” என்று கேட்டாள். “கட்டிலும் அவுக கட்டில்தான?” என்றார் அப்பா.

நாலாவது நாள் மாமா ஊர்ப் பூவை ஏற்றிக்கொண்டு வருகிற வேன்காரர் செய்தி கொண்டுவந்தார். மாமா சொல்லியனுப்பியதை அவர் அப்படியே ஒப்பித்தார்: “கடைசி ஸ்டாப்புக்காரன் கடைசி ஆளாவே இருந்துட்டுப் போறேன். மொத ஸ்டாப்புல யாரு இருக்காகளோ அவுக மடியில வச்சுக் குத்திக்கிறச் சொல்லுங்க.”

வீடே கலங்கிப்போனது. தாய்மாமன் வராமல் காது குத்த முடியாது. வேறு மடியில் வைத்துக் குத்தினால் அதோடு அம்மாவுக்குப் பிறந்த வீடு இல்லை. நல்லது கெட்டதுக்குப் போக்குவரத்து நின்றுவிடும். அப்படி முப்பது வருசம் பேசாமல் கிடந்த குடும்பங்கள் எங்கள் ஊரிலேயே இருந்தன. அம்மா அடுப்பு முன்னால் உட்கார்ந்து கண்ணைத் துடைத்தாள். “விசேச வீட்டுல எதுக்கு இப்ப அழுகுறவ?” என்று அதட்டினார் அப்பா. அம்மா துடைப்பதை நிறுத்தினாள். பேசுவதையும் நிறுத்தினாள்.

அந்த வீட்டில் சந்தோசமாக இருந்தது நான் ஒருவன்தான். மாமா வராவிட்டால் மடி இல்லை. மடி இல்லாவிட்டால் ஊசி இல்லை. இதை வெளியே காட்டாமல் இருக்க நான் பட்ட பாடு கொஞ்சமில்லை.

சமாதானம் பேச முதலில் போனவர் பெரியப்பா. ஊரில் எந்தச் சண்டைக்கும் அவரைத்தான் கூப்பிடுவார்கள். அவரிடம் எல்லாவற்றுக்கும் ஒரே மருந்துதான் இருந்தது: ‘இதெல்லாம் ஒரு விசயமா?’ போய்வந்து நடந்ததை எங்களுக்கு நடித்தே காட்டினார்.

“ஏன் மாப்ள, இதெல்லாம் ஒரு விசயமா? பஸ்சு அந்தப் பக்கமாத்தான போகுது. ஒங்களுக்காக ரிவர்சுலயா வரச் சொல்ல முடியும்?”

“ஒண்ணுமில்லாத விசயம்னா ஒண்ணுமில்லாமயே இருந்துட்டுப் போவுது. நீங்க காப்பியக் குடிங்க.”

“கோவப்படுறதுக்கு ஒரு காரணம் வேணும்ல?”

“அப்ப நான் காரணமில்லாமக் கோவப்படுறவன். இப்படியாப்பட்டவன் மடியில எதுக்குப் பிள்ளைய உக்கார வக்கிறீக? காப்பி ஆறுது.”

காப்பி நன்றாக இருந்ததாகப் பெரியப்பா சொன்னார்.

அடுத்த நாள் அப்பாவே போனார். போகும்போது சட்டைப் பையில் அன்றைக்கு எடுத்த பஸ் டிக்கெட்டுகளை எல்லாம் தேடி எடுத்துப் போட்டுக்கொண்டு போனார். மாமா முன்னால் அதை வரிசையாக அடுக்கி, எத்தனை மணிக்கு ஏறினேன், எத்தனை மணிக்கு இறங்கினேன் என்று விளக்கினாராம். மாமா டிக்கெட்டுகளை ஒவ்வொன்றாக எடுத்துப் பார்த்துவிட்டு, “எல்லாம் சரியாத்தான் இருக்கு மாப்ள” என்று திருப்பிக் கொடுத்துவிட்டாராம். வருகிறேன் என்று சொல்லவில்லை. அப்பா வீட்டுக்கு வந்து துண்டை உதறிப் போட்டார். “ஒங்கண்ணனுக்குக் காரணம் சொல்லி மாளாது. எம்மேல தப்பே இல்லைங்கிறேன், அவரு சரிங்கிறாரு. ஆனா கோவம் மட்டும் அப்படியே இருக்கு.”

விசேசத்துக்கு மூன்று நாள்தான் இருந்தது. காலையில் அம்மா யாரிடமும் சொல்லாமல் வயர் கூடையில் ஏதோ எடுத்து வைத்துக்கொண்டு, என்னைக் குளிப்பாட்டி, முதல் பஸ்ஸில் கூட்டிக்கொண்டு கிளம்பினாள். எனக்கு ஒரே பயம். அம்மா போனால் மாமா வந்துவிடுவாரோ என்றுதான்.

மாமா தோட்டத்தில் மல்லிகைச் செடிக்குப் பாத்தி கட்டிக்கொண்டிருந்தார். பூப்பறிப்பு முடிந்த நேரம். அத்தை அம்மாவைப் பார்த்து, “வாங்க” என்று மட்டும் சொல்லிவிட்டு அடுப்படிக்குள் போய்விட்டாள். என் கையில் ஒரு செம்பு மோரைக் கொடுத்து மாமாவிடம் அனுப்பினாள் அம்மா.

மாமா மோரைக் குடித்துவிட்டு வாய்க்கால் வரப்பில் உட்கார்ந்தார். நானும் பக்கத்தில் உட்கார்ந்தேன்.

“என்ன மருமகனே, காது குத்துக்கு ஒங்க வீட்டுல எல்லாம் ரெடியா?” என்று கேட்டார்.

யாரிடமும் சொல்லாமல் வைத்திருந்தது அப்போது தானாக வெளியே வந்துவிட்டது. “எனக்குப் பயமா இருக்கு மாமா. எறும்பு கடிச்ச மாதிரி இருக்கும்னு பொய் சொல்றாக. வலிக்கும்ல?”

மாமா செம்பைக் கீழே வைத்தார். “வலிக்கும்டா. நல்லாவே வலிக்கும். நான் ஒன் வயசுல ஆசாரிய எட்டி ஒதச்சேன்.”

எனக்கு மனசு லேசானது. இத்தனை நாளும் எல்லாரும் வலிக்காது என்று சொன்னபோது ஏறிக்கொண்டே போன பயம், வலிக்கும் என்று ஒருவர் சொன்னதும் இறங்கியது ஏன் என்று எனக்குத் தெரியவில்லை. அந்தத் தைரியத்தில் கேட்டேன். “நீங்க வருவீகளா மாமா? கடைசி ஸ்டாப்புல வச்சதுக்கு இன்னும் கோவமா?”

“பஸ்சு கெடக்குது போ” என்றார் மாமா. வீட்டுப் பக்கம் பார்த்தார். நானும் பார்த்தேன். வாசலில் அந்தக் கயிற்றுக் கட்டில் கிடந்தது. அத்தை அதற்குப் பக்கத்தில் தரையில் உட்கார்ந்து வெங்காயம் உரித்துக்கொண்டிருந்தாள்.

அத்தையைப் பார்த்ததும் எனக்கு முட்டி பெயர்ந்த நாள் ஞாபகம் வந்தது. எழுந்து ஓடினேன்.

“அத்தே, காது குத்தயில நீங்க எந்தலையப் பிடிச்சுக்கிறீகளா?”

அத்தையின் கை நின்றது. “நானா? நான் எதுக்குடா முன்னுக்க வந்து? அதெல்லாம் ஒங்க பெரியம்மா பிடிச்சுக்கிரும்.”

“பெரியம்மா அழாத அழாதன்னே சொல்லும். நீங்கன்னா எரியுதான்னு கேப்பீக. எனக்கு ரொம்பப் பயமா இருக்கு அத்தே. நீங்க வாங்க.”

தோட்டத்திலிருந்து வந்த மாமா என் பின்னால் நின்றுகொண்டிருந்தது அப்போதுதான் எனக்குத் தெரிந்தது. அவர் வாசப்படியில் நின்ற அம்மாவைப் பார்த்துச் சொன்னார்: “ரெண்டு நாளா ஒங்க ஊரே வந்து என்னையக் கூப்பிட்டுட்டுப் போயிருச்சு. இவளக் கூப்பிட வந்தவன் இந்த ஒருத்தன்தான்.”

அம்மா வயர் கூடையைத் திறந்தாள். உள்ளே தட்டு இருந்தது, தேங்காய் இருந்தது, வெற்றிலை ஈரத்துணியில் சுற்றியிருந்தது. எல்லாவற்றையும் எடுத்து அடுக்கினாள். அப்பாவைப் போல டிக்கெட் காட்டவில்லை. பெரியப்பாவைப் போல இதெல்லாம் ஒரு விசயமா என்று கேட்கவில்லை. “மதினி, அன்னைக்குக் கட்டில்ல வச்சுட்டு வந்தது தப்பு. ஒங்களுக்கு எப்படி இருந்திருக்கும்னு எனக்குத் தெரியும். எந்திரிங்க, வாங்கிக்கங்க” என்றாள்.

“கையெல்லாம் வெங்காயம்…” என்றாள் அத்தை.

“இருக்கட்டும். நீங்க கழுவிட்டு வர்ற வரைக்கும் நான் நிக்கிறேன்.”

அத்தை உள்ளே போய்க் கை கழுவினாள். ரொம்ப நேரம் கழுவினாள். அம்மா தட்டைக் கையில் ஏந்திக்கொண்டு அப்படியே நின்றாள். புளியமரத்தடியில் பஸ் ஹாரன் அடித்தது. போயும் விட்டது. அன்று பொழுது சாயத்தான் ஊருக்குத் திரும்பினோம். மத்தியானம் அத்தை வைத்த கத்தரிக்காய் வெஞ்சனத்தை நான் இரண்டு தடவை வாங்கிச் சாப்பிட்டேன்.

காது குத்து சிறுமலை அடிவாரத்தில் எங்கள் குலசாமி கோயிலில் நடந்தது. மாமா மேளத்தோடு சீர் கொண்டுவந்தார். கூடவே அத்தையும் வந்தாள். அப்பா ஓடிப்போய், “வாங்க தங்கச்சி” என்று சொல்லி அவள் கையிலிருந்த பூத்தட்டை வாங்கினார். வாங்கின தட்டை எங்கே வைப்பது என்று தெரியாமல் அதைச் சுமந்துகொண்டே வெகுநேரம் சுற்றிக்கொண்டிருந்தார். எதிலும் வைத்துவிடக் கூடாது என்று அம்மா சொல்லி வைத்திருந்தாளோ என்னவோ.

எனக்கு மொட்டை போட்டுச் சந்தனம் பூசி மாமா மடியில் உட்கார வைத்தார்கள். அத்தை பின்னால் நின்று இரண்டு கையாலும் என் தலையைப் பிடித்துக்கொண்டாள். கூட்டத்தில் ஒரு கிழவி, “இவ எதுக்கு முன்னால வந்து நிக்கிறா?” என்று பக்கத்தில் சொன்னது என் காதில் விழுந்தது. “நாந்தான் கூப்பிட்டேன்” என்றாள் அம்மா. கூப்பிட்டது நான்தானே என்று நினைத்தேன்.

அழாமல் இருப்பதற்காகப் பிள்ளைகள் வாயில் பொட்டுக்கடலையும் நாட்டுச்சர்க்கரையும் திணிப்பது வழக்கம். பெரியம்மா ஒரு கை நிறைய அள்ளிக்கொண்டு வந்தாள். மாமா தடுத்தார். “வாய அடைக்காதீக. வலிச்சா அழுகட்டும்.”

வலது காதில் ஊசி இறங்கியது. எறும்பெல்லாம் இல்லை. கோயில் மணிக்குப் போட்டியாகக் கத்தினேன். “அழுடா, நல்லா அழு” என்றார் மாமா. “எரியுதா?” என்று கேட்டாள் அத்தை. “எரியுது அத்தே!” என்று கத்தினேன். ஆசாரி இடது பக்கம் வந்து ஊசியை வைத்த நேரத்தில் என் தலை மேலிருந்த அத்தையின் கை நடுங்கியது. தலை ஆடியது. துளை ஒரு நெல்மணி மேலே ஏறிவிட்டது. கடைக்காரரிடம் நான் சொல்லாத பதில் அதுதான்.

நிமிர்ந்து பார்த்தேன். அத்தை அழுதுகொண்டிருந்தாள். சேலைத் தலைப்பை எடுத்துத் துடைக்கக்கூட இல்லை. அதற்கு என் தலையை விட வேண்டியிருக்கும் என்பதால் இருக்கலாம்.

“ஏன் ஆத்தா, காது ஒனக்கா குத்துறாக?” என்று யாரோ கேலி செய்ய, எல்லாரும் சிரித்தார்கள். எனக்குப் பாவமாக இருந்தது. நம்மால்தானே அத்தை அழுகிறாள் என்று நினைத்து, “எனக்கு ஒண்ணுமில்ல அத்தே, வலி போயிருச்சு. அழாதீக” என்றேன். வலி போகவில்லை.

“நீ சும்மா இருடா மருமகனே. அவ அழுகட்டும்” என்றார் மாமா.

அதன் பிறகு அப்பா எந்த விசேசத்துக்குப் பத்திரிகை வைக்கப் போனாலும், வழியில் எங்கும் இறங்காமல் நேராகக் கடைசி ஸ்டாப்புக்குப் போய், அங்கிருந்து திரும்பி வந்துகொண்டே ஒவ்வொரு ஊராக வைத்தார். மாமாவின் கோபம் பஸ்ஸால் வந்தது என்று அவர் கடைசிவரை நம்பினார். நானும் வெகுநாள் அப்படித்தான் நம்பினேன். எனக்குக் கல்யாணப் பத்திரிகை அடித்து வந்தபோது அம்மா முதல் தட்டை எடுத்து என்னிடம் கொடுத்து, “அத்தை கையில குடு. ஒன் காது குத்துக்கு, பிள்ளையில்லாதவளுன்னுதான் நல்ல காரியத் தட்ட கையில குடுக்காமக் கட்டில்ல வச்சுட்டாகன்னு நெனச்சு அழுதுருக்கு. ஒங்க மாமா அதை வெளிய சொல்லாம, பழியத் தம்மேல போட்டுக்கிட்டுக் கோவப்பட்டாரு” என்றாள். அதன் பிறகும் சில நாள் ஆனது எனக்கு அது முழுதாக விளங்க.

ஒன்பது வயதில் இதெல்லாம் எங்கே தெரிந்தது? அன்று சாயங்காலம் கோயில் மரத்தடியில் கறிச்சோறு போட்டார்கள். இரண்டு காதும் விண்விண்ணென்று தெறிக்க, மாமாவுக்கும் அத்தைக்கும் நடுவில் உட்கார்ந்து சாப்பிட்டேன். அத்தை அன்று சமையல் பக்கமே போகவில்லை, ஒரு வெங்காயம் கூட உரிக்கவில்லை. பிறகு எதற்காக அப்படிக் கண்ணில் தண்ணீர் வந்தது என்று ஒரு வாய்ச் சோற்றுக்கு யோசித்தேன். இலையில் கறி வைத்தார்கள். மறந்துபோனேன்.